கிழித்தெறிந்த பாக்கெட்

நண்பர் ஒருவர் தன் வீட்டுப் பட்டறைச் சுவரைப் படமெடுத்து அனுப்பியிருந்தார். பிவிசி குழாயைத் துண்டு போட்டு, அடியில் மூடி ஒட்டி, பலகையில் வரிசையாகத் திருகி, ஒவ்வொன்றிலும் கேபிள் டைகளைச் செருகியிருந்தார். 100, 150, 200, 300 மி.மீ. என்று குழாய்கள் பள்ளிக்கூடப் பிரார்த்தனைக்கு நிற்கும் பிள்ளைகள்போல உயர வரிசையில் நின்றன. இப்போது பார்க்கிற பட்டறையிலெல்லாம் இதே சுவர்தான். "கண்ணில் படாத சாமான் இல்லாத சாமான்" என்பது அவர் வாதம்.

வாதத்தில் நியாயம் இருக்கிறது. தேடும் நேரம் மிச்சம். எது தீர்கிறது என்று தூரத்திலிருந்தே தெரியும். மேசை டிராயரைத் திறந்தால் முள்ளம்பன்றிபோல் சிலிர்த்துக்கொண்டு வரும் அந்தக் குப்பையைவிட இது எவ்வளவோ மேல். செலவும் இல்லை, வீட்டில் கிடக்கும் குழாய் மிச்சமே போதும்.

நீளத்தை மட்டும் பார்த்துப் பிரிப்பது சின்னக் குறை. 200 மி.மீ. டை 2.5 மி.மீ. அகலத்திலும் வருகிறது, 4.8 மி.மீ. அகலத்திலும் வருகிறது. முன்னது தாங்குவது ஏறக்குறைய 8 கிலோ, பின்னது 22 கிலோ. இரண்டையும் ஒரே குழாயில் போட்டால் கைக்கு வந்ததுதான் கணக்கு. இதையாவது இன்னொரு குழாய் வைத்துச் சரிசெய்துவிடலாம்.

சரிசெய்ய முடியாதது, குழாயை நிரப்பும் முன் நாம் செய்யும் முதல் காரியம்: பாக்கெட்டைக் கிழித்தெறிவது.

கேபிள் டை நைலான் 66-இல் செய்வது. அந்த நைலானுக்கு வளையும் குணத்தைக் கொடுப்பது அதற்குள் இருக்கும் ஈரம். காற்றின் ஈரப்பதம் 50 சதவீதமாக இருக்கும்போது தன் எடையில் சுமார் 2.5 சதவீதத் தண்ணீரை அது உள்ளே வைத்திருக்கும். அந்தத் தண்ணீர் வற்றினால் அப்பளம்தான். தயாரிப்பாளர்கள் டைகளை ஒட்டிய பாலிதீன் பையில் அனுப்புவதும், பயன்படுத்தும்வரை பையிலேயே வைக்கச் சொல்வதும் இதனால்தான். நாம் அதைக் கடைக்காரர் கொடுக்கும் கேரி பேக்குக்குச் சமமாக நினைத்துக் குப்பையில் போடுகிறோம்.

நானும் போட்டவன்தான். மொட்டைமாடியில் தகரக் கூரைக் கொட்டகை. சுவரில் இதே குழாய் வரிசை. ஒரு மே மாதம் பம்பு ஒயரைக் கட்ட ஒரு டையை எடுத்து இழுத்தேன். தலைக்குக் கீழே 'டக்' என்று ஒடிந்து, தலை மட்டும் தெறித்துப் போய் எங்கோ விழுந்தது. அடுத்ததும் அப்படியே. கீழ் டிராயரில் பிரிக்காமல் கிடந்த, அதே நாளில் வாங்கிய பாக்கெட்டை எடுத்தேன். அதிலிருந்தவை விரலில் சுற்றினால் மோதிரமாக வளைந்தன. ஒடிகிற கூட்டத்தை வாளித் தண்ணீரில் ஒரு ராத்திரி ஊறப்போட்டேன். கறுப்பு டைகளில் பெரும்பாலானவை வழிக்கு வந்தன. ஜன்னலோரக் குழாயில் வெயில் தின்ற வெள்ளை டைகள் வரவே இல்லை. கறுப்பில் கலந்திருக்கும் கார்பன் கரி புற ஊதாக் கதிரைத் தடுக்கும். சாதாரண வெள்ளையில் அந்தக் காவல் கிடையாது. போன ஈரத்தை ஊட்டிவிடலாம், வெயில் செய்த சேதத்துக்கு மருந்து இல்லை.

கடலோரத்துக்காரர்கள் சிரிக்கலாம்: எங்கள் காற்றிலேயே தண்ணீர் சொட்டுகிறதே என்று. சரி, தூத்துக்குடிக்கு விலக்கு தருகிறேன். ஆனால் சித்திரை வெயிலில் காயும் வேலூர்க் கொட்டகைக்கு என்ன பதில்?

இதைவிடக் கொடுமை ஒன்று உண்டு. சிலர் அக்கறை மிகுந்துபோய், கண்ணாடி ஜாடியில் டைகளை அடைத்து, செருப்புப் பெட்டியில் வந்த சிலிக்கா ஜெல் பொட்டலத்தையும் உள்ளே போடுகிறார்கள். திருகாணிக்கு அது காவல், நைலானுக்கு அது எமன். இருக்கிற கொஞ்ச ஈரத்தையும் உறிஞ்சுவதற்கு ஆள் வைத்து மூடி போட்டதுபோல. துருப்பிடிக்கும் சாமானுக்கும் துருவே பிடிக்காத சாமானுக்கும் ஒரே வைத்தியம் செய்யும் ஒழுங்கை ஒழுங்கு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அது சாமானைப் பற்றி யோசித்து வந்ததல்ல, சுவரைப் பற்றி யோசித்து வந்தது.

பாக்கெட்டின் ஒரு மூலையை மட்டும் வெட்டி, வேண்டியதை உருவிக்கொண்டு, வாயை மடித்துவிட்டால் போதும். நீளம், அகலம் எல்லாம் அதன் மேலேயே அச்சடித்திருக்கிறது. தனியாக லேபிள் எழுத வேண்டியதில்லை.

என் குழாய்ப் பலகை இன்னும் சுவரில்தான் இருக்கிறது, ஹாக்ஸா பிளேடுகளோடு. டைகள் கீழ் டிராயரின் இருட்டில், பாக்கெட்டோடு, வாயில் துணி கிளிப் மாட்டிக்கொண்டு கிடக்கின்றன. படமெடுத்து யாருக்கும் அனுப்பும்படியான காட்சி அல்ல.