சாட்சியின் முகமும் வழக்கேட்டின் சொல்லும்

குற்றவியல் வழக்குகள் பலவற்றின் முடிவு ஒரு வினாவிலேயே தங்கியுள்ளது: கூண்டிலேறிக் கூறியவர் உண்மை கூறினாரா? ஒன்றை நிரூபிப்பதற்கு இத்தனை சாட்சிகள் வேண்டுமென்ற நியதி இல்லை என்பது 1895 ஆம் ஆண்டின் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 134 ஆம் பிரிவு. ஒருவர் சொல்லை நம்பியே இன்னொருவரை ஆயுட்சிறைக்கு அனுப்புதல் கூடும். ஆதலின், அந்நம்பிக்கை பிழைத்ததோ என ஆராயும் மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் பொறுப்பு சிறிதன்று.

எனினும் மேன்முறை நீதிபதிகள் இப்பொறுப்பினைத் தயக்கத்துடனேயே ஏற்பர். விளக்க நீதிபதி சாட்சியைக் கண்டவர், கேட்டவர். தாமோ ஏட்டை மட்டும் வாசிப்பவர் என்பது அவர்தம் நியாயம். 1934 ஆம் ஆண்டில், இந்தியாவிலிருந்து சென்ற சியோ ஸ்வரூப் வழக்கிற் கோமறைக் கழகம் இந்நெறியை வரையறுத்தது. விடுதலைத் தீர்ப்புக்கு எதிரான மேன்முறையீட்டிலும் சான்று முழுவதையும் மீளாராயும் அதிகாரம் உண்டு. ஆயினும் நம்பகத்தன்மை பற்றிய விளக்க நீதிபதியின் கருத்து, எதிரி சுற்றவாளி என்னும் அனுமானம், ஐயத்தின் பயன் அவருக்கே என்னும் விதி ஆகியன உரிய நிறை பெறுதல் வேண்டும் என்றது. அதிகாரத்தை மறுக்காது அடக்கத்தை வற்புறுத்திய தீர்ப்பு இது. அடக்கம் மட்டும் நினைவில் நின்று அதிகாரம் மறக்கப்படுமாயின், ஆங்கே இடர் தொடங்குகின்றது.

கண்டவர் என்னும் பெருமையும் எங்கும் ஒரே நிறையுடையதன்று. நீதிமன்றத்தை முன்பின் கண்டறியாத தோட்டத் தொழிலாளி அச்சத்தால் நாத்தடுமாறலாம். பழகிய பொய்யர் தடுமாறாதிருக்கலாம். தமிழறியாத நீதிபதி முன் தமிழிற் கூறப்படும் சாட்சியம் உரைபெயர்ப்பாளர் வாய்வழியே அவரை அடைகின்றது. முகம் ஒருவருடையது, சொல் இன்னொருவருடையது. இடையில் நீதிபதி மாறின், முன்னவர் பதிந்த சான்றின்மீது பின்னவர் தீர்ப்பெழுதவும் 1978 ஆம் ஆண்டின் நீதித்துறைச் சட்டம் இடமளிக்கின்றது. அத்தகையவர் காணாத முகத்திற்கு மேன்முறை நீதிமன்றம் தலைவணங்குவது எங்ஙனம்?

முகம் வேண்டாத அளவைகளும் உள. கூற்று நிகழக்கூடியதா? பொலிசாரிடம் முதலிற் கூறியதோடு ஒக்கின்றதா? மருத்துவச் சான்றோடு பொருந்துகின்றதா? தாமதித்துக் கூறியதற்குத் தக்க காரணம் உண்டா? இவற்றை ஏட்டினின்றே அளக்கலாம். ஆறியமர்ந்து வாசிப்பவர்க்கு அது எளிதுமாகும். நிகழ்வு பற்றிய வழுவையும் திருத்தும் அதிகாரத்தை 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 138 ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றத்திற்கு வழங்கியுள்ளது.

சிலப்பதிகாரத்தில் பொற்கொல்லன் சொல்லைப் பாண்டியன் ஆராயாது நம்பினான். அத்தீர்ப்பை மாற்றியது கண்ணகியின் கண்ணீரன்று. அரசியின் சிலம்பிலுள்ளது முத்து, தன் சிலம்பிலுள்ளது மாணிக்கம் என்னும் சான்று. பிழை தெளிவாயிற்று, விடுவிப்பதற்குக் கோவலன் இருக்கவில்லை. உயிரோடிருக்கும் எதிரிக்கு அச்சிலம்பை உடைத்துப் பார்க்கும் இடமே மேன்முறையீடு. அவ்விடத்தில் நீதிபதி கைகட்டி நிற்றல் அடக்கமாகாது.