திரும்பாத கேமரா

திப்ருகட்டிலிருந்து கன்னியாகுமரி வரை நாலாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓடும் விவேக் எக்ஸ்பிரஸில் நம்ம இயக்குநர் ஒருவர் தனியாளாக எடுத்த பயண ஆவணப்படத்தைப் பற்றி இரண்டு கோஷ்டிகள் மோதிக்கொள்கின்றன. ஒரு கோஷ்டி "என்ன பொறுமை!" என்று கும்பிடுகிறது. இன்னொன்று "கேமராவை ஓடவிட்டுத் தூங்கிவிட்டார்" என்கிறது. இரண்டுமே ஆட்டத்தைச் சரியாகப் பார்க்கவில்லை. என் கண்ணுக்கு அது அடித்து ஆடுகிற ஆட்டம்.

கேரளத்துக்குக் கட்டட வேலைக்குப் போகும் அசாம் இளைஞன் போன் பேசி முடிக்கும் இடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த நேரம் பார்த்துக் கதவுப் பக்கம் சண்டை வெடிக்கிறது. கூச்சல், பாத்திரம் உருளும் சத்தம், யாரோ டிடிஆரைக் கூப்பிடுகிறார்கள். வேறு யாராக இருந்தாலும் கேமரா அங்கே பாய்ந்திருக்கும். இவர் அசையவில்லை. இளைஞன்தான் திரும்புகிறான். எழலாமா என்று யோசிக்கிறான், பிறகு பையை மடிக்கு இழுத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறான். பிழைக்கப் போகிறவனின் ஜாக்கிரதை அத்தனையும் அந்த ஒரு இழுப்பில் வந்துவிட்டது. கேமரா சண்டைக்குப் போயிருந்தால் இது கிடைத்திருக்காது.

ஆஃப் ஸ்டம்ப் எங்கே இருக்கிறது என்று தெரிந்த பேட்ஸ்மேன்தான் பந்தைத் தொடாமல் விடுவான். அந்த இழுப்பு கிடைத்தது "அதிர்ஷ்டம்" என்பவர்கள் ஒலியைக் கவனிக்கட்டும். கேமராவில் முன்பக்கம் பார்த்த மைக் மட்டும் இருந்திருந்தால் பக்கவாட்டுச் சண்டை இத்தனை துல்லியமாகக் காதில் விழாது. ஒலிப்பதிவுக் கருவியை வேறெங்கோ தனியாக வைத்திருக்கிறார். சட்டகத்துக்கு வெளியே ஏதாவது நடக்கும் என்று முன்கூட்டியே எதிர்பார்த்திருக்கிறார் என்றே நினைக்கிறேன்.

2013இல் வந்த 'மனகாமனா' ஆவணப்படத்தோடு இதை ஒப்பிடுவதும் சரியில்லை. அதில் நேபாளத்துக் கேபிள் காரில் 11 பயணங்கள், ஒவ்வொன்றும் வெட்டில்லாமல். 16 எம்எம்மில் 400 அடிச் சுருள் சுமார் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். பயணமும் ஏறக்குறைய அவ்வளவுதான். எங்கே நிறுத்துவது என்பதைச் சுருளும் வண்டியுமே தீர்த்துவைத்தன. இவர் கையில் இருப்பது மணிக்கணக்கில் பதியும் மெமரி கார்டு. நிறுத்து என்று சொல்ல ஆளில்லை, ஒவ்வொரு விநாடியும் அவர் பொறுப்பு.

படத்தில் தன் அப்பாவைப் பற்றி அவர் பேசும் பின்குரல் கொஞ்சம் அதிகம்தான். நம்மாள் என்பதற்காக அதையும் தாங்கிப் பேச முடியாது.

இனி என்ன நடக்கும்? திருவனந்தபுரம் ஆவணப்பட விழாவில் இவரைப் பார்த்து எடுத்த அசையாத ரயில் ஜன்னல்கள் வரிசை கட்டும், பாதிப் படங்கள் ஜன்னலோடு நின்றுவிடும். ஜப்பானின் யமகத்தா ஆவணப்பட விழா ஒற்றைப்படை ஆண்டுகளில்தான் வரும். அடுத்தது வருவதற்குள் இவர் புதுப் படத்தை முடித்துவிடுவார். பின்குரல் பாதியாகக் குறையும். ஒரே ஓர் இடத்தில் கேமரா சட்டென்று திரும்பும். அன்றைக்கு "தடுமாறிவிட்டார்" என்று எழுதக் கிளம்பாதீர்கள். எதற்காகத் திரும்பியது என்று முதலில் பாருங்கள்.