ஐந்து நிமிடச் சண்டையும் ஒரு ரோஜாவும்

இரவு பத்து மணிக்கு மேல் டிக்டாக்கைத் திறந்தால் கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழர்களின் இன்னொரு கடைத்தெரு தெரியும். கிள்ளானிலிருந்து ஒரு பெண் சேலையைத் தோளில் போட்டுக் காட்டுகிறார். "அக்கா, பார்டரைப் பாருங்க, இந்தக் கலர் ஒரே பீஸ்தான். வேணும்னா ஸ்கிரீன்ஷாட் எடுத்து வாட்ஸ்அப்ல போடுங்க. சபா, சரவாக்குக்குத் தபால் செலவு தனி." ஜாலான் தெங்கு கிளானாவிலோ பிரிக்பீல்ட்ஸிலோ கடை வாடகை கொடுத்து மாளாதவர்களுக்கு இந்த லைவ்தான் கடை. வானவில்லிலும் மின்னல் எஃப்எம்மிலும் கேட்கும் தமிழ் இஸ்திரி போட்ட தமிழ். மலாய் பாதி கலந்த தாமான் தமிழ், அடுக்குமாடித் தமிழ், லோரி ஓட்டுநரின் தமிழ் எல்லாம் யாரிடமும் அனுமதி கேட்காமல் மேடையேறியது இங்கேதான். "டிக்டாக்கால் நம் மானமே போகிறது" என்று சலித்துக்கொள்ளும் பெரியவர்கள் இந்தப் பக்கத்தைப் பார்ப்பதே இல்லை.

அவர்கள் பார்ப்பது 'பேட்டில்'. அங்கே அவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு. திரை இரண்டாகப் பிரியும், ஐந்து நிமிடக் கடிகாரம் ஓடும். பார்ப்பவர்கள் காசு கொடுத்து அனுப்பும் கிஃப்ட் யாருக்கு அதிகம் விழுகிறதோ அவர் ஜெயித்தார். தோற்றவர் முகத்தில் மாவு பூசிக்கொள்வார், தோப்புக்கரணம் போடுவார். ரோஜாவுக்கு ஒரு காயின் போதும். சிங்கத்துக்கு ஏறத்தாழ 30,000 காயின், நம் பணத்தில் ஆயிரம் வெள்ளிக்கு மேல். அமைதியாகப் பேசினால் ரோஜா வரும், பழைய பகையைக் கிளறினால் சிங்கம் வரும். சேவல்கட்டில் எந்தச் சேவல் விழுந்தாலும் களம் போட்டவனுக்குக் காசு. 2022-இல் பிபிசி, சிரியாவிலிருந்து ஒரு சோதனைக் கணக்கில் நேரலை நடத்தி, 106 டாலர் மதிப்புள்ள கிஃப்ட் அனுப்பிப் பார்த்தது. கணக்கில் சேர்ந்தது 33 டாலர்தான்.

இதில் ஒரு உயிர் போனபோதுதான் நாடு திரும்பிப் பார்த்தது. 2024 ஜூலை 5 அன்று செத்தாப்பாக்கில், டிக்டாக்கில் அறியப்பட்ட ஈஷா என்கிற ராஜேஸ்வரி இறந்தார். இணையத்தில் தன்னைத் துன்புறுத்துகிறார்கள் என்று முதல் நாள்தான் போலீசில் புகார் கொடுத்திருந்தார். வழக்கில் குற்றத்தை ஒப்புக்கொண்ட ஒரு பெண்ணுக்கு விதிக்கப்பட்ட அபராதம் 100 வெள்ளி. 1955-ஆம் ஆண்டுச் சிறு குற்றச் சட்டத்தில் அந்தக் குற்றத்துக்கு அதற்குமேல் இடமிருக்கவில்லை. ஊர் கொதித்தது. குற்றவியல் சட்டம் திருத்தப்பட்டு, மிரட்டலுக்கும் துன்புறுத்தலுக்குமான புதிய பிரிவுகள் 2025 ஜூலை 11 முதல் நடப்புக்கு வந்தன. வரவேற்க வேண்டிய திருத்தம். ஆனால் அது திட்டியவரைத்தான் பிடிக்கும்; திட்டுக்கு விலை வைத்த கடிகாரத்தைத் தொடாது.

இந்தோனேசியா இதே சுழலில் நமக்கு முன்பே மாட்டியது. 2011-இல் கொரோந்தாலோவில் நோர்மன் கமாரு என்ற போலீஸ்காரர் ரஹ்மானின் 'சைய்ய சைய்யா'வுக்கு வாயசைத்து ஆட, நாடே சிரித்து ரசித்தது. 'உயிரே' படத்தில் நாம் கேட்ட அதே மெட்டுதான். அவர் தோற்றுப்போவதைப் பார்க்க யாரும் பணம் கட்டவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, லொம்போக்கில் வயதான பெண்கள் சேற்று நீரில் மணிக்கணக்காக உட்கார்ந்தார்கள். கிஃப்ட் விழ விழத் தலையில் தண்ணீரை ஊற்றிக்கொண்டார்கள். சமூக நல அமைச்சர் ரிஸ்மஹாரினி இணையப் பிச்சையைத் தடுக்கச் சொல்லி 2023 ஜனவரியில் சுற்றறிக்கை விட்டார். ஆட்களை விட்டு நிகழ்ச்சியின் வடிவத்தையே குற்றமாகப் பார்த்தார் என்பது நாம் கவனிக்க வேண்டியது. குறையும் உண்டு: அறிக்கை போனது உள்ளூர் அதிகாரிகளுக்கு, கிழவிகளைக் குளத்திலிருந்து எழுப்பும் வேலை அவர்கள் தலையில் விழுந்தது.

இதை நிறுத்த நிறுவனத்தால் முடியாது என்று யாரும் சொல்ல வேண்டாம். 2025 ஆகஸ்டு இறுதியில் ஜகார்த்தாவில் கலவரம் வெடித்தபோது, இந்தோனேசியா முழுவதற்கும் லைவ் வசதியைச் சில நாள் டிக்டாக் தானாகவே நிறுத்தி வைத்தது. ஆக, விசை இருக்கிறது, யார் விரல் அதில் என்பதும் தெரிகிறது. அதே நிறுவனம் ஈஷா இறந்து மூன்று மாதத்தில் மலேசியாவில் நூற்றுக்கணக்கானோரை வேலையிலிருந்து நீக்கியது. அவர்களில் பலர் உள்ளடக்கத்தைக் கண்காணித்தவர்கள். இனி இயந்திரம் அதிகம் பார்த்துக்கொள்ளும் என்றார்கள். "உன் வீடு எங்கேன்னு தெரியும்டி, நைட்டு வரேன்" என்று ஒருவர் சிரித்துக்கொண்டே சொன்னால் அது கேலியா மிரட்டலா என்று பிரித்தறிய, இந்தத் தமிழைப் பேசி வளர்ந்த ஆள் வேண்டும்.

2025 ஜனவரி 1 முதல் பெரிய சமூகத் தளங்கள் இங்கே உரிமம் எடுத்தாக வேண்டும் என்று விதி வந்தது. டிக்டாக் எடுத்துவிட்டது. அந்த உரிமத்தில் இரண்டு நிபந்தனைகள் சேரட்டும்: தமிழ் லைவுக்குத் தமிழ் தெரிந்த ஆட்கள்; மிரட்டல் புகார் வந்ததும் அந்தப் பேட்டிலின் கிஃப்ட் முடக்கம். சேலை விற்கும் அக்காவுக்கு இதனால் ஒரு காசு நட்டமில்லை.