வெண்ணெய்நல்லூர் அவையும் சொல்லற்றார் வழக்கும்

பெரியபுராணத்துத் தடுத்தாட்கொண்ட புராணத்தை ஆராய்ந்தோர் பலரும் அதனைத் திருவருட் செயலாகவே கண்டனர். அங்ஙனம் காண்டல் தவறன்று. சேக்கிழார் கருத்தும் அதுவே. ஆயினும், அப்புராணத்தின் நடுவே ஒரு வழக்கு நடைபெறுகின்றது. வாதி உளர், பிரதிவாதி உளர், ஆவணமும் அவையும் தீர்ப்பும் உள. அநபாயன் எனப்பெற்ற இரண்டாம் குலோத்துங்கனிடம் அமைச்சராய் அமர்ந்தவர் எழுதிய வழக்கு அது என்பதை நினைந்து படிப்போர் சிலரே. இந்நூற்குப் பேருரை கண்ட கோவை சி. கே. சுப்பிரமணிய முதலியார் வழக்கறிஞராய் இருந்தமை தற்செயலே எனினும் பொருத்தமான தற்செயல் ஆகும். யாம் ஈண்டு எடுத்துக்கொண்ட வினா ஒன்று. வழக்கு மன்றத்தில் தன் நிலையை எடுத்துச் சொல்லமாட்டாதவன் நிற்குங்கால், அவனுக்குச் சொல் தேடித் தருதல் யார் கடன்? இதற்குச் சேக்கிழார் தரும் விடை போதிய அளவு நோக்கப்பெறவில்லை என்பது எம் கருத்து.

கதை யாவரும் அறிந்ததே. வழக்கிற்கு வேண்டும் அளவே கூறுவாம். திருநாவலூரில் சடையனார்க்கும் இசைஞானியார்க்கும் பிறந்து, நரசிங்க முனையரையரால் வளர்க்கப்பெற்ற நம்பியாரூரர் புத்தூரில் மணக்கோலத்தோடு இருக்கின்றார். முதியவர் ஒருவர் புகுந்து, இவன் எனக்கு அடியான் என்கின்றார். நம்பி நகைக்கின்றார், பித்தன் என இகழ்கின்றார், ஓலையைப் பறித்துக் கிழித்தும் விடுகின்றார். வழக்கு முதியவர் தம் ஊராகக் கூறிய திருவெண்ணெய்நல்லூரின் அவைக்குச் செல்கின்றது. (வாதியின் ஊர் இன்று விழுப்புரம் மாவட்டத்திலும், பிரதிவாதியின் ஊர் 2019-இல் பிரிந்த கள்ளக்குறிச்சி மாவட்டத்திலும் உள்ளன, அன்று இரண்டும் நடுநாடே.)

முதியவர் முறையிட்டவுடன் அவையினர் தீர்ப்பிற்கு விரைந்திலர். அந்தணர் அடிமையாதல் வழக்கில் இல்லையே என வாதியையே முதற்கண் வினவுகின்றனர். பின்னர் நம்பியை நோக்கி, ஓலையை வலிந்து வாங்கிக் கிழித்தல் வெற்றியாகாது எனக் கடிந்து, நின் விடை யாது எனக் கேட்கின்றனர். நம்பியின் விடையே எம் ஆராய்ச்சியின் நடுவிடம். யான் ஆதிசைவன் என்பது நீவிர் அறிந்ததே. இவர் என்னை அடிமை என நாட்டுவாராயின் அஃது என் மனத்திற்கு எட்டாத மாயை. எனக்கு விளங்கவில்லை என்னும் கருத்துப்பட அவர் பேசுகின்றார். வழக்கில் அகப்பட்டான் ஒருவன் ‘விளங்கவில்லை’ என்கின்றான். அவை அதனைத் தோல்வியின் ஒப்புதலாகக் கொள்ளவில்லை. அவனை மேலும் நெருக்கவுமில்லை. உடனே வாதியின் பக்கம் திரும்பி, நின் கூற்றை ஆட்சியாலேனும் ஆவணத்தாலேனும் அயலார் கண்ட சான்றாலேனும் மெய்ப்பிக்க என்கின்றது. ஒருவன் விளங்காமை கூறினால் சுமை எதிர்ப்பக்கத்திற்கு மாறுகின்றது.

அதன்பின் மூல ஓலை வெளிப்படுகின்றது. முதியவர் அதனைக் காட்டுமுன் அவையினிடம் காப்புறுதி பெறுகின்றார். கரணத்தான் அதனை வாங்கி அவை கேட்பப் படிக்கின்றான். சான்றாளர் எழுத்து ஒப்புநோக்கப்படுகின்றது. பாட்டனார் எழுத்துத்தானா என்பதை நம்பியே காண்க என அவை கூற, முதியவர் இடைமறித்து, பாட்டனார் எழுதிய வேறோர் எழுத்தோடு ஒப்பிட்டு அவையே மொழிக என்கின்றார். காப்பிலிருந்த ஓலை வருகின்றது, இரண்டும் ஒத்திருக்கின்றன. நம்பி தோற்றார் எனத் தீர்ப்பாகின்றது. முறை இதுவாயின் யான் இசையாதிருத்தல் கூடுமோ என்று அவர் தம் வாயாற் கூறிய பின்னரே வழக்கு முடிகின்றது. பொருள் அவர்க்கு விளங்கிற்றோ இல்லையோ, முறை விளங்கிற்று. ஒவ்வொரு படியும் அவர் கண்ணெதிரே, அவர் அறிந்த மொழியில் நிகழ்ந்தது.

இதற்கொரு தடை எழும். அதனை மறைத்தல் நேர்மையன்று. நம்பி கல்வி நிரம்பியவர். அரசர் அன்பில் வளர்ந்தவர். அவையினரைப் போன்றே அந்தணர். அவை காட்டிய பொறுமை அவர் பிறப்பிற்குக் காட்டிய பொறுமை என்று ஒருவர் கூறின் யாம் முற்றும் மறுக்கமாட்டோம். சோழர் காலக் கல்வெட்டுக்களில் தம்மையும் தம் மக்களையும் கோயிலுக்கு அடிமையாக விற்றுக்கொண்டோர் செய்தி காணப்படுகின்றது. அவ்விற்பனை எழுதப்பெற்ற நாளில் நின் விடை யாது என அவர்களைக் கேட்டார் உண்டோ? கல்வெட்டில் விலை உண்டு, அடிமையானோர் தொகை உண்டு. அவர் சொல் இல்லை. வெண்ணெய்நல்லூர் வழக்கை மட்டும் காட்டிப் பழந்தமிழ் நீதியைப் புகழ்ந்து அமைவோர் இதனையும் உடன்வைத்து நோக்குதல் வேண்டும். அது பிறிதொரு வகையிலும் முழு ஒப்புமை ஆகாது. அஃது உரிமை வழக்கு. குற்ற வழக்கு அன்று.

ஆனால், முற்றும் சொல்லற்ற வழக்காளி ஒன்றையும் சேக்கிழார் காட்டியுள்ளார். அது மனுநீதிச் சோழன் வாயிலில் மணியை அசைத்த ஆ. அரசன் வெளிப்போந்து காண்பது கன்றிழந்த பசுவை. அதனை வினவ இயலாது. அவன் அமைச்சரை நோக்க, நிகழ்ந்ததை அறிந்த முதிய அமைச்சர் ஒருவர் எடுத்துரைக்கின்றார். அதுவும் இளவரசனுக்கு எதிராக, அவன் தந்தை முன்னிலையில். இப்பகுதியை நாம் அரசன் நடுவுநிலைக்கு எடுத்துக்காட்டாகவே கற்பிக்கின்றோம். வினாத்தாளில் தேர்க்காலும் மணியும் வரும்; அமைச்சர் வருவதில்லை. மணி முறையிடும் உரிமையைத் தந்ததே அன்றி, முறையீட்டின் பொருளைத் தரவில்லை. பொருளைத் தந்தவர் அவ்வமைச்சர். வாயற்ற வழக்காளிக்கும் மன்றத்திற்கும் இடைநின்று பொருள் உணர்த்தும் பணியாளரை இன்றைய சட்டங்கள் வேண்டுகின்றன. அவர்க்குத் தமிழிலக்கியத்தில் முன்னோடி இவரே என்பது எம் துணிபு.

சிலப்பதிகாரம் இதன் மறுதலையைக் காட்டுகின்றது. கொலைக்களக் காதையில் காவலர் வந்தபின் கோவலன் பேசும் பேச்சு ஒன்றேனும் இல்லை. பொற்கொல்லன் பேசுகின்றான், கள்வர் கைக்கொள்ளும் வழிகளை விரிக்கின்றான், ஐயுற்ற காவலரும் பேசுகின்றனர். எல்லாரும் அவனைப் பற்றிப் பேச, அவன் வாளா நிற்கின்றான். இத்தனைக்கும் அவன் புகார் வணிகன், யாழ் வல்லவன், கானல்வரியில் சொல்லாடியவன். அயலூரில், தன்னை அறிவார் எவருமின்றி நின்ற ஒருபோதில் அவன் வாயற்றவன் ஆயினான். வாயின்மை உடற்குறையால் மட்டும் வருவதன்று, இடத்தாலும் வரும்.

இடத்தால் வாயற்றோரைக் காண நாவலூரினின்று நெடுந்தூரம் செல்ல வேண்டா. அதற்கு மேற்கே கல்வராயன் மலை. அங்கு வாழும் மலையாளிப் பழங்குடியினர் தாய்மொழி தமிழே. காஞ்சியினின்று வந்தோம் என்பது அவர்தம் வழிவழி வழக்கு. செம்மரம் வெட்டினர் என்னும் வழக்குகளில் இம்மலையினரும் சவ்வாது மலையினரும் பலர் ஆந்திரச் சிறைகளில் அடைபட்டனர். 2015 ஏப்ரல் 7-ஆம் நாள் சேசாசலக் காட்டில் சுட்டுக் கொல்லப்பட்ட தமிழகத்தார் 20 பேர்க்கு மன்றமே வாய்க்கவில்லை. மன்றம் வாய்த்தோர் தெலுங்கும் ஆங்கிலமும் வழங்கும் கூண்டில் நின்றனர். அறியாத மொழியில் கூறப்படும் சான்று குற்றம் சாட்டப்பெற்றவனுக்கு மன்றத்தில் வெளிப்படையாக மொழிபெயர்க்கப்படல் வேண்டும் என்பது 1973-ஆம் ஆண்டுக் குற்ற நடைமுறைச் சட்டத்தின் 279-ஆம் பிரிவு. 2024 சூலை 1 முதல் அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 314-ஆம் பிரிவாக நிற்கின்றது. மொழிபெயர்ப்பின் தரம் பற்றியும் உச்சநீதிமன்றம் முன்னரே பேசியுள்ளது. 1962-இல் அரிகிசன் வழக்கில், ஆங்கிலம் அறியாதவனுக்குத் தடுப்புக் காவலின் காரணங்களை ஆங்கிலத்தில் எழுதித் தந்து, காவல் அலுவலர் வாயால் இந்தியில் விளக்கியது போதாது என்று அது தீர்த்தது.

இனி, தமிழ் வழங்கும் மன்றத்திலேயே நின்றால் இடர் நீங்குமோ எனின், நீங்காது. 1956-ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் 1976-இல் திருத்தப்பெற்றுக் கீழமை நீதிமன்றங்களில் தமிழுக்கு இடம் வந்தது, யாவரும் மகிழ்ந்தோம். ஆனால் மன்றத் தமிழ் வேறு, மலைத் தமிழ் வேறு. குற்றம் சாட்டப்பெற்றவனை மன்றத் தமிழ் ‘எதிரி’ என்னும். முதல் எதிரி, இரண்டாம் எதிரி என அழைக்கக் கேட்கும் எளியவன் தன்னைப் பகைவன் என்று அரசே பெயரிட்டதாக உணர்ந்தால் அவன்மேல் பிழையில்லை. சொல்லின் பொதுப்பொருள் அதுவே. இதனினும் நுட்பமானது ‘ஆமாங்க’ என்னும் சொல். பெரியோர் முன் ஒடுங்கி நிற்பவன் வாயில் அது ‘ஒப்புகின்றேன்’ என்று பொருள்படுவது சிறுபான்மை. ‘தாங்கள் கூறியது செவியில் விழுந்தது’ என்று பொருள்படுவதே பெரும்பான்மை. ஆத்திரேலிய வடபுலத்தில் 1976-இல் அனுங்கா என்னும் வழக்கில் நீதிபதி பார்சுடர் இந்நுட்பத்தைக் கண்டார். பழங்குடியினர் வினவியோர் விரும்பும் விடையையே தருவர் எனக் கூறி, மொழிபெயர்ப்பாளரும் துணைவர் ஒருவரும் உடனிருக்க வேண்டும், விடையை உள்ளடக்கிய வினாக்களைத் தவிர்க்க வேண்டும் என்று காவலர்க்கு நெறி வகுத்தார்.

பேச இயலாதார் பற்றிய இந்தியச் சட்டம் மெல்ல நகர்ந்துள்ளது. 1872-ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 119-ஆம் பிரிவு ‘ஊமைச் சாட்சி’ எனத் தலைப்பிட்டிருந்தது. 2013-இல் அது சொல்லால் உணர்த்த இயலாத சாட்சி என மாறியது. மொழிபெயர்ப்பாளர் அல்லது சிறப்புக் கல்வியாளர் துணையும், காணொளிப் பதிவும் கட்டாயமாயின. 2023-ஆம் ஆண்டுச் சாக்ஷிய அதிநியத்தில் இது 125-ஆம் பிரிவு. இடையில், 2012-இல் இராசசுதான் அரசு எதிர் தர்சன்சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் கூறிய ஒன்று தமிழாசிரியர் எவரையும் நிமிர்ந்து உட்காரச் செய்யும். சாட்சி சைகையால் கூறின், சைகையே பதிவாதல் வேண்டும். சைகைக்குப் பிறர் கூறும் பொருள் மட்டும் போதாது என்பது அது. மூலபாடம் வேறு, உரை வேறு என்று பதிப்பாசிரியர் காக்கும் நெறியே இது. முதியவரும் படியோலை கிழிந்தபின் மூல ஓலையையன்றோ காட்டினார்!

எனினும் குறை ஒன்று உளது. இச்சலுகை சாட்சிக்கு உரியது. கூண்டில் நிற்பவனுக்கு அன்று. இங்கிலாந்தின் 1999-ஆம் ஆண்டுச் சட்டமும் இடையாளரைச் சான்றாளர்க்கே அளித்துக் குற்றம் சாட்டப்பெற்றோரை ஒழித்தது. நம் நாட்டில், சித்தம் திரியாதவனாயினும் விசாரணை இன்னதெனப் புரிந்துகொள்ள மாட்டாதவன் பற்றி ஒரு பிரிவு உண்டு. பழைய 318, புதிய 357. அங்ஙனம் ஒருவன் நின்றால் மன்றம் விசாரணையை மேலே நடத்தலாம். தண்டனையில் முடிந்தால் உயர்நீதிமன்றத்திற்கு அறிக்கையோடு அனுப்புதல் வேண்டும். காப்பு இல்லை எனல் ஆகாது. ஆயின் அது விளக்கும் காப்பன்று. விளக்காமல் நடத்தியதைப் பின்னர்ப் பார்வையிடும் காப்பு. ‘விளங்கவில்லை’ என்ற சொல்லைக் கேட்டு நின்று, வழக்கின் போக்கையே மாற்றிய வெண்ணெய்நல்லூர் அவையோடு இதனை ஒப்பிட்டால், 357-ஆம் பிரிவு பின்தங்கியே நிற்கின்றது.

நடுநாட்டில் இக்குறையை ஓரளவு நிரப்பியோர் சட்டத்தார் அல்லர். இருளர் மக்கள்மேல் திருட்டு வழக்குகள் சாட்டப்பெற்ற காலங்களில், அவரோடு காவல் நிலையத்திற்கும் மன்றத்திற்கும் நடந்து, அவர் சொல்லைக் கேட்டு முறையீடாக எழுதியவர்களுள் திண்டிவனத்துப் பேராசிரியர் கல்யாணி என்னும் பிரபா கல்விமணி முதன்மையானவர். அவர் கற்பித்தது இயற்பியல். சொல்லும் பொருளும் ஆராய்தலே தொழிலாகக் கொண்ட எம்போன்றோர்க்கு இச்செய்தி சற்றே நாணம் தருகின்றது.

கிளைமொழி ஆய்வு தமிழகப் பல்கலைக்கழகங்களில் 1960-கள் முதல் நடைபெற்று வருகின்றது. ஒலியனும் உருபனும் பிரித்தெழுதப்பெற்றன. வினாவும் விடையும் மன்றச் சூழலில் எங்ஙனம் பொருள்படுகின்றன என்னும் பகுதியே மெலிந்துள்ளது. கல்வராயன் மலை வழக்கில் உடன்பாடு, மறுப்பு, மரியாதைச் சொல், காலமும் தொலைவும் குறிக்கும் சொற்கள் ஆகிய நான்கையும் திரட்டி, மன்றத் தமிழ்ச் சொற்களோடு எதிரெதிரே நிறுத்திய ஒரு சிறு சொற்றொகுதி முதுகலை மாணவர் இருவர் ஓராண்டில் முடிக்கத்தக்க பணி. காலச்சொற்களினின்று தொடங்குதல் நன்று. சம்பவ நாளன்று நீ எங்கிருந்தாய் என்பதே எல்லா வழக்கிலும் முதலில் வரும் வினா.