வெளிச்சம் எங்கிருந்து வருகிறது? பாலு மகேந்திரா படங்களை எப்படி ரசிப்பது

கதைக்காக மட்டும் பாலு மகேந்திராவின் படத்துக்கு உட்கார்ந்தால் அரை மணி நேரத்தில் கொட்டாவி வந்துவிடும். ஒரு பெண் வீடு கட்டுகிறாள். ஒரு கிழவர் பட்டணத்து உறவுக்காரர் வீட்டுக்கு வந்து சேர்கிறார். கதை இவ்வளவுதான். மீதியை அவர் வெளிச்சத்தில் வைத்திருக்கிறார்.

வெளிச்சத்தைப் படிப்பது பதுளை, பண்டாரவளை, அப்புத்தளைப் பக்கத்து ஆட்களுக்குப் புதிய வேலையல்ல. ஜூலையிலிருந்து செப்டெம்பர் வரை, கச்சான் வீசும் மாதங்களில், ஊவாவின் வெயில் கூர்மையாக இருக்கும். எதிர் மலையின் லயத்துக் கூரைகளை எண்ணிவிடலாம். நவம்பரில் மூட்டம் இறங்கினால் அடுத்த நிரையில் கொழுந்தெடுப்பவர் யாரென்று தெரியாது. பெரட்டுக்குப் போகும்போதே மலையைப் பார்த்து அன்றைய பொழுதைச் சொல்லிவிடும் அந்தக் கண்தான் இந்தப் படங்களுக்கும் வேண்டும்.

ஆள் யார்?

1939இல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். பள்ளிச் சுற்றுலா போன இடத்தில், கித்துல்கலையில், டேவிட் லீன் ‘தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்’ படம் எடுத்துக்கொண்டிருந்தார். இயக்குநர் ஒரு சொல் சொன்னதும் மழை கொட்டிய அதிசயம்தான் தன்னைச் சினிமாவுக்கு இழுத்தது என்று பாலு மகேந்திரா பலமுறை சொல்லியிருக்கிறார்.

புனே திரைப்படக் கல்லூரியில் அவர் கற்றது ஒளிப்பதிவு. மலையாளத்தில் ‘நெல்லு’ (1974), தமிழில் மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ (1978), கன்னடத்தில் மணிரத்னத்தின் முதல் படம் (1983) எல்லாம் அவர் கமராவில் பதிவானவை. கன்னடத்தில் ‘கோகிலா’ (1977) மூலம் இயக்குநரானார். அதன்பிறகு தன் படங்களுக்கு எழுத்து, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாவற்றையும் பெரும்பாலும் தானே பார்த்துக்கொண்டார். பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி அவரிடம் தொழில் கற்றவர்கள். 2014 பெப்ரவரி 13ஆம் திகதி காலமானார்.

முதலில் ஜன்னலைத் தேடுங்கள்

‘மூன்றாம் பிறை’யை (1982) எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டுக்குள் நடக்கும் ஏதாவது ஒரு காட்சியில் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். முகத்தில் விழும் வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வருகிறது? அநேகமாக அங்கே ஒரு ஜன்னலோ கதவோ இருக்கும். அந்தக் காலத்து ஸ்டூடியோப் படங்களில் நடுநிசியிலும் கதாநாயகியின் முகம் பளிச்சென்றிருக்கும். இவரோ ஒரு கன்னத்தை இருட்டிலேயே விட்டுவிடுவார். லயத்துக் காம்பராவில், முன்கதவு வெளிச்சம் எட்டும் தூரம்வரைதான் பகல் என்று தெரிந்தவர்களுக்கு அதன் நியாயம் உடனே பிடிபடும்.

பிறகு மழை

அதே படத்தின் முடிவு நீலகிரியின் கேத்தி ரயில் நிலையத்தில் நடக்கிறது. நினைவு திரும்பிய பெண் ரயிலில் இருக்கிறாள். அதுவரை அவளைப் பார்த்துக்கொண்ட சீனு (கமல்) தன்னை ஞாபகப்படுத்த மேடையில் குரங்காட்டம் ஆடுகிறான். அவளுக்கு அவன் யாரோ ஒரு பைத்தியம். கமலின் நடிப்பை எல்லோரும் பேசிவிட்டார்கள். நீங்கள் நிழலைக் கவனியுங்கள். மழைநாளில் நிழல் விழாது. வானம், மேடை, முகம் எல்லாம் ஒரே சாம்பல் நிறம். அவனை எடுத்துக்காட்ட அங்கே தனி வெளிச்சம் எதுவும் கிடையாது. அவள் கண்ணுக்கு அவன் படாமல் போவதை ஒளிப்பதிவே சொல்லிவிடுகிறது. இந்தப் படத்துக்காக கமலுக்குச் சிறந்த நடிகருக்கான தேசிய விருதும் பாலு மகேந்திராவுக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதும் கிடைத்தன.

வசனமில்லாத நேரத்தில் எழுந்து போகாதீர்கள்

‘வீடு’ (1988) படத்தில் பாட்டே கிடையாது. அர்ச்சனா நடித்த சுதா, கடன்பட்டு, மேஸ்திரியிடமும் அலுவலகங்களிலும் அலைந்து ஒரு சிறு வீட்டை எழுப்புகிறாள். அவள் தாத்தாவாக வரும் சொக்கலிங்க பாகவதர் பாதி எழும்பிய வீட்டைப் பார்க்கத் தனியே போகிறார். பூசாத சுவரைத் தடவுகிறார். அறை அறையாக நடக்கிறார். ஒரு வார்த்தை பேசுவதில்லை. வேறு இயக்குநராக இருந்தால் இந்த இடத்தை வெட்டிச் சுருக்கியிருப்பார். இவர் கிழவரின் நடைக்கு ஏற்ற வேகத்தில் கமராவை நகர்த்துகிறார்.

2014 ஒக்டோபரில் கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயங்களை மண்சரிவு மூடிய மாவட்டம் எங்கள் பதுளை. வீடு கட்ட ஏழு பேர்ச் காணிக்காகக் காத்திருப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். சுவரைத் தடவும் அந்தக் கை எதைத் தேடுகிறது என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

குறையையும் பாருங்கள்

ரசிப்பது என்றால் தலையாட்டுவது அல்ல. ‘மூன்றாம் பிறை’யின் ஊட்டி ஒரு பள்ளி ஆசிரியரின் ஊட்டி, அந்த மலைகளில் உழைப்பவர்களின் கதை அதில் இல்லை. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் இங்கிருந்து இந்தியாவுக்கு அனுப்பப்பட்டவர்களில் பலர் நீலகிரியில், தமிழ்நாடு அரசின் ‘டான்டீ’ தோட்டங்களில் கொழுந்தெடுத்த காலம் அது. நம்மில் பலருடைய சித்தப்பாவோ அத்தையோ அந்தச் சட்டகத்துக்குச் சற்று வெளியே நின்றிருக்கிறார்கள். அவர் மூட்டத்தைப் பார்த்த அளவுக்கு, மூட்டத்துக்குள் நிற்பவர்களைப் பார்க்கவில்லை.

எந்த வரிசையில் பார்ப்பது?

முதலில் ‘மூன்றாம் பிறை’. அடுத்து ‘வீடு’. பிறகு அதே சொக்கலிங்க பாகவதருக்காக ‘சந்தியா ராகம்’ (1989). கடைசியாக, பாலு மகேந்திராவே தாத்தாவாக நடித்த ‘தலைமுறைகள்’ (2013). போனில் பார்ப்பதென்றால் வெயிலில் உட்கார வேண்டாம்; இருட்டுப் பகுதிகள் எல்லாம் வெறும் கறுப்பாகிவிடும். இரவில், அறை விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

இந்த நான்கையும் முடித்த கையோடு, சிவமோகன் சுமதி மலையகத் தமிழரை வைத்து இயக்கிய ‘இங்கிருந்து’ (2013) படத்தையும் தேடிப் பாருங்கள். பாலு மகேந்திரா சட்டகத்துக்கு வெளியே விட்ட ஆட்கள் அதில் உள்ளே வருகிறார்கள். வெளிச்சத்தைப் பார்க்க அவரிடம் பழகிய கண், இந்தப் படத்தில் அது யார் முகத்தில் விழுகிறது என்றும் கேட்கும்.