ஊருக்குக் கட்டுப்படாத உறவுக்காரன்

கி.பி. 117 ஜனவரியில் எகிப்தின் ரோமானிய ஆளுநர் ரூட்டிலியஸ் லூப்பஸின் முன் லூசியா மாக்ரினா என்ற பெண்ணின் வழக்கு வந்தது. அன்டோனியஸ் ஜெர்மானஸ் என்ற படைவீரன் இறந்துவிட்டான். அவனிடம் கொடுத்துவைத்த பணத்தை அவன் சொத்திலிருந்து எடுத்துத் தர வேண்டும் என்பது அவள் கோரிக்கை. அவளுடைய வக்கீல் அதை 'வைப்புப் பணம்' என்றார். ஆளுநர் அதை ஏற்கவில்லை. இப்படிப்பட்ட வைப்புப் பணமெல்லாம் சீதனம்தான் என்பது எங்களுக்குத் தெரியும், படைவீரன் கல்யாணம் செய்துகொள்ள அனுமதியில்லை, இதை விசாரிக்க ஒரு நீதிபதியை நியமித்தால் அந்தக் கல்யாணம் செல்லும் என்று நானே ஒப்புக்கொண்டதாகிவிடும் என்று சொல்லி வழக்கைத் தள்ளினார். மனைவியாக வாழ்ந்தவளை, பணம் கொடுத்தவளாகக்கூட நீதிமன்றம் ஏற்கவில்லை.

ரோமப் பேரரசின் படைவீரன் சமூகத்துக்கு உள்ளே இருந்தானா, வெளியே இருந்தானா? வரலாற்றாசிரியர்கள் நெடுநாளாக வாதாடும் கேள்வி இது. பிரென்ட் ஷா 1983இல் வட ஆப்பிரிக்காவின் நுமீடியாவை ஆராய்ந்து, படை என்பது தனக்குத்தானே முழுமையான, மூடிய அமைப்பு என்று வாதிட்டார். ரிச்சர்ட் ஆல்ஸ்டன் 1995இல் எகிப்தின் பாப்பிரஸ் ஆவணங்களை வைத்து நேர் எதிரான முடிவுக்கு வந்தார்: படைவீரன் ஊர்ப்பிள்ளை, ஊரோடு கலந்தவன், தனிச்சாதி அல்ல. இருவர் வாதமும் வலுவானது. அவற்றைத் தராசில் வைக்கும்போது எதை எடைக்கல்லாகக் கொள்கிறோம் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

ஷா சொல்வதில் உண்மை உண்டு. இருபது வயது இளைஞனை எடுத்து, இருபது, இருபத்தைந்து ஆண்டுகள் முகாமுக்குள் வைத்து, உணவு, உடை, தண்டனை, வழிபாடு, சேமிப்பு எல்லாவற்றையும் அமைப்பே பார்த்துக்கொள்கிறது. எகிப்தில் பிறந்த ஆப்பியன் கடற்படையில் சேர்ந்து இத்தாலியின் மிசேனம் துறைமுகத்துக்குப் போய்ச் சேர்ந்ததும் அப்பாவுக்குக் கடிதம் எழுதுகிறான். பேரரசரிடமிருந்து மூன்று பொற்காசு வழிச்செலவு கிடைத்தது என்கிறான். கடைசியில், இனி என் பெயர் அன்டோனியஸ் மாக்சிமஸ் என்கிறான். பெற்றவர்கள் வைத்த பெயரையே மாற்றும் அமைப்பை வெறும் வேலையிடம் என்று சொல்ல முடியாது.

ஆனால் அந்த அமைப்புக்கு ஷா எழுப்பும் சுவர் நிற்கவில்லை. பிரிட்டனின் வட எல்லையில் வின்டோலாண்டா கோட்டையில் கிடைத்த மெல்லிய மரப்பலகைகளில் ஒன்று, முதலாம் துங்கிரியப் படைப்பிரிவின் ஆள்கணக்கு. மொத்தம் 752 பேர். கோட்டையில் இருந்தவர்கள் 296; மற்ற 456 பேரும் வெளியே. கோரியா என்ற இடத்தில் மட்டும் 337 பேர், ஆளுநரின் காவலில் 46 பேர். இருந்தவர்களிலும் 31 பேர் வேலைக்கு ஆகாதவர்கள். அதில் பத்துப் பேருக்குக் கண்நோய். பாதிக்கு மேல் ஆட்கள் ஊர் ஊராகச் சிதறிக் கிடந்த படையை மூடிய உலகம் என்று எப்படிச் சொல்வது? அதே கோட்டையின் ஈரமண்ணிலிருந்து பெண்களின் செருப்பும் குழந்தைகளின் செருப்பும் வெளிவந்திருக்கின்றன. கல்யாணத் தடை அமலில் இருந்த காலத்துச் செருப்புகள் அவை. சட்டம் இல்லை என்று சொன்ன குடும்பம் அங்கே நடந்து திரிந்திருக்கிறது. ஷா ஆராய்ந்த நுமீடியாவிலேயே, லாம்பேசிஸில் இருந்த மூன்றாம் அகஸ்டா படையணியில், பிறந்த இடம் 'முகாம்' என்று பதிவான வீரர்கள் ஏராளம். அவர்கள் பெரும்பாலும் படைவீரர்களுக்கு முகாமை ஒட்டிய குடியிருப்புகளில் பிறந்த பிள்ளைகள். தடை பிள்ளைப்பேற்றை நிறுத்தவில்லை. பிள்ளைகளின் உரிமையை மட்டும் நிறுத்தியது.

அப்படியானால் ஆல்ஸ்டன் சொல்வது சரியா? அவருடைய சான்றுகளை வாசிக்கும்போது எனக்கு அவர் பக்கம் சாயத்தான் தோன்றுகிறது. எகிப்தின் காரானிஸ் ஊரில் கிடைத்த கிளாடியஸ் டெரென்டியானஸின் கடிதங்களைப் படித்துவிட்டு அவனை அந்நியன் என்று யாராலும் நினைக்க முடியாது. கடற்படையில் சேர்ந்து பிறகு படையணிக்கு மாறியவன் அவன். தான் அப்பா என்று அழைக்கும் டைபீரியானஸிடம் காலணி கேட்கிறான், கம்பளிக் காலுறை கேட்கிறான். இங்கே பணமில்லாமல் எதுவும் நடக்காது, சிபாரிசுக் கடிதம் எதற்கும் உதவாது என்று புலம்புகிறான். ஓய்வு பெற்றவர்கள் காரானிஸில் நிலம் வாங்கி, வரி கட்டி, அண்டை அயலாரோடு சண்டையும் சமாதானமுமாக வாழ்ந்ததற்குச் சீட்டுச் சீட்டாக ஆதாரம் இருக்கிறது. உறவும் சொத்தும் வசிப்பிடமும்தான் அளவுகோல் என்றால் ஆல்ஸ்டன் வென்றுவிட்டார்.

அந்த அளவுகோல் போதாது என்பதே என் வாதம். காலுறை கேட்ட அதே டெரென்டியானஸ், நகரத்தில் எழுந்த கலகத்தை அடக்க நாங்கள் பாடுபடுகிறோம் என்றும் எழுதுகிறான். ஒரே மனிதன், ஒரே பாசம். ஆனால் அவன் கைக்கு எதிரே நின்ற நகரவாசியின் கடிதம் அந்தக் கடிதக்கட்டில் இல்லை. படைவீரனுக்குக் கணக்கு எழுதும் எழுத்தர் இருந்தார், நடுகல் வெட்டக் காசு இருந்தது. உழுதவனுக்குப் பெரும்பாலும் இரண்டும் இல்லை. ஆவணக்குவியலில் வீரனின் வீட்டுப்பாசம் இவ்வளவு பளிச்சென்று தெரிவதற்கு இதுவும் ஒரு காரணம். ஆகவே வேறு கேள்வி வேண்டும்: ஒருவனைப் படைவீரன் அடித்தால், அடிபட்டவன் யாரிடம் போய்ச் சொல்ல முடிந்தது?

இந்தக் கேள்வியோடு தேடினால் வேறோர் உலகம் திறக்கிறது. கவிஞர் ஜுவெனலின் கடைசி அங்கதப் பாடல், முற்றுப்பெறாதது, இதைத்தான் பேசுகிறது: சிப்பாய் உன் பல்லை உடைத்தாலும் நீ முகாமுக்குள் போய், நூற்றுவர் தலைவன் முன்புதான் முறையிட வேண்டும். சுற்றி நிற்பவர்கள் எல்லாரும் அவன் ஆட்கள். அப்புலேயஸின் நாவலில் ஒரு தோட்டக்காரனை வழிமறிக்கும் சிப்பாய் லத்தீனில் கேள்வி கேட்கிறான். புரியாமல் மௌனமாகப் போனதற்குக் கையிலிருந்த திராட்சைக்கொடித் தடியால் அடி விழுகிறது. தத்துவஞானி எபிக்டெட்டஸ், சிப்பாய் உன் கழுதையைப் பிடித்தால் விட்டுவிடு, எதிர்த்தால் அடியும் வாங்குவாய், கழுதையும் போகும் என்று மாணவர்களுக்கு அறிவுரை சொன்னார். இவை இலக்கியம், மிகை என்று ஒருவர் ஒதுக்கலாம். எகிப்தில் கிடைத்த இரண்டாம் நூற்றாண்டுச் செலவுக்கணக்கு ஒன்றை அப்படி ஒதுக்க முடியாது. பால்குடிப் பன்றிக்குட்டிக்கு இவ்வளவு, காவலருக்கு இவ்வளவு என்று வரிசையாக எழுதிக்கொண்டு வருபவர், 'மிரட்டிப் பறித்தது' என்று ஒரு வரியில் 2,200 டிராக்மா எழுதுகிறார். இன்னொரு வரியில் 'கேட்ட சிப்பாய்க்கு' 500. எந்த ஆவேசமும் இல்லாத அந்தக் கணக்கு, ஜுவெனலைவிட என்னைக் கலங்கடிக்கிறது. பறிகொடுப்பது வரவுசெலவில் ஒரு தலைப்பாகிவிட்டிருக்கிறது.

வின்டோலாண்டாவிலும் ஒரு குரல் உண்டு. பிரம்படி பட்டு இரத்தம் வடிந்த ஒருவன், வணிகனாக இருக்கலாம், முறையீடு எழுதுகிறான். கோட்டைத் தலைவர் உடல்நலமில்லாததால் அவரிடம் சொல்ல முடியவில்லை, மற்ற அதிகாரிகளிடம் சொல்லியும் பயனில்லை. நான் கடல் கடந்து வந்தவன், குற்றமற்றவன், என்னை இப்படி அடித்திருக்கலாமா என்கிறான். 'கடல் கடந்து வந்தவன்' என்பதை அவன் ஏன் சொல்ல வேண்டும்? உள்ளூர்க்காரனை அடிப்பது முறையிடத் தக்க செய்தியே அல்ல என்று அந்த இடத்தில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது என்றே நான் வாசிக்கிறேன்.

ஆல்ஸ்டன் தரப்பிலிருந்து ஒரு நல்ல மறுப்பு வரும். எகிப்தின் கிராமத்தார் திருட்டு, அடிதடி வழக்குகளில் நூற்றுவர் தலைவர்களிடமே மனுக் கொடுத்தார்கள். நம்பிக்கை இல்லாமலா போனார்கள்? நம்பிக்கையும் இருந்திருக்கும். நேர்மையான அதிகாரிகளும் இருந்திருப்பார்கள். நன்றாக நடந்துகொண்ட சிப்பாயைப் பற்றி யாரும் மனு எழுதுவதில்லை என்பதையும் நான் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எட்டும் தூரத்தில் இருந்த ஒரே அதிகாரம் படைதான் என்றால், அதனிடம் போனதை வைத்து மட்டும் கலந்து வாழ்ந்தார்கள் என்று தீர்ப்பு எழுத முடியாது. படையைப் பற்றியே புகார் என்றால் அந்த வாசலும் அடைந்துவிடுகிறது.

சிப்பாயும் சுகமாக இருந்தவன் அல்ல. அகஸ்டஸ் காலத்தில் ஆண்டுக்கு 225 டெனாரியஸ், டொமிஷியன் காலத்தில் 300. அதிலும் சோற்றுக்கும் துணிக்கும் பிடித்தம். கி.பி. 14இல் பன்னோனியாவில் படைகள் கலகம் செய்தபோது கொல்லப்பட்ட நூற்றுவர் தலைவன் ஒருவனின் பட்டப்பெயர் 'இன்னொன்று கொடு'. வீரர்களின் முதுகில் தடியை ஒடித்துவிட்டு அடுத்த தடி கேட்பவன் அவன். ஜுவெனலின் சிப்பாய்க்கு அடி புதிதல்ல.

அரசு காலப்போக்கில் இறங்கிவந்ததும் உண்மை. ஹாட்ரியன் 119இல் எழுதிய கடிதம், பணிக்காலத்தில் பிறந்த பிள்ளைகள் இரத்த உறவினர் என்ற முறையில் தந்தையின் சொத்தைக் கோரலாம் என்றது. 197இல் செப்டிமியஸ் செவெரஸ் வீரர்கள் மனைவியோடு வாழ அனுமதித்தார். ஆனால் ஒவ்வொரு சலுகையும் வீரனின் மனநிறைவுக்காக, வீரனின் வழியாகவே வந்தது. மாக்ரினா போன்றவர்கள் தாமே வாசலில் நின்று கேட்டபோது கிடைக்கவில்லை. ஆகவே என் தீர்ப்பு இது: ஆல்ஸ்டன் காட்டும் உறவு மெய், ஷா காட்டும் பிரிவும் மெய். படைவீரன் ஊரோடு கலந்தான். ஊருக்குப் பதில் சொல்லும் கடமை மட்டும் அவனுக்கு இல்லை. கலப்பு கூடக்கூட அந்தக் கடமையின்மை வீட்டுத் திண்ணை வரை வந்தது.

திரேசியாவில், இன்றைய பல்கேரியாவில், ஸ்காப்டோபாரா என்ற கிராமம் இருந்தது. வெந்நீர் ஊற்றுகள் உள்ள இடம். இரண்டு படைமுகாம்களுக்கு நடுவே, பெரிய சந்தைக்கு இரண்டு மைல் தொலைவில். வேறெங்கோ அனுப்பப்பட்ட சிப்பாய்கள் வழி விலகி வந்து தங்கி, தின்று, காசு தராமல் போனார்கள். இது தொடர்ந்தால் பூர்வீக வீடுகளை விட்டு ஓடிவிடுவோம் என்று ஊரார் 238இல் பேரரசர் மூன்றாம் கோர்டியனுக்கு மனு எழுதினார்கள். அதைப் பேரரசரிடம் கொண்டுசேர்த்தவன் அவுரேலியஸ் பிர்ரஸ்: அந்த ஊரில் நிலமுள்ள, அந்த ஊர்ப்பிள்ளையான, ரோமின் பத்தாம் காவற்படைப் பிரிவுச் சிப்பாய். சிப்பாய்களைப் பற்றிய புகாரைப் பேரரசரின் கையில் சேர்க்க ஊருக்கு ஒரு சிப்பாய் தேவைப்பட்டான். பேரரசரின் பதில் சுருக்கமானது: இப்படிப்பட்ட முறையீட்டை மாகாண ஆளுநரிடம் கொண்டுபோங்கள். அந்தப் பதிலையும் மனுவோடு சேர்த்து ஊரார் கல்லில் வெட்டிவைத்தார்கள்.