சுழலாத பந்து

சின்னப் பாட்டுதான். ஒரு டீ ஆறுவதற்குள் முடிந்துவிடும். ஆனால் முதல் நாள் அதைக் கேட்டபோது, கையில் இருந்த டீ ஆறி ஆடை படிந்து, கடைசியில் மணலில் கொட்டுகிற வரைக்கும் திரும்பத் திரும்ப அதையே போட்டுக்கொண்டிருந்தேன். 'தி ஸ்நேக்ஸ் க்ரால் அட் நைட்'. ராத்திரியில் பாம்புகள் ஊரும் என்று அர்த்தம். 1966 ஜனவரியில் அமெரிக்காவில் வந்த இசைத்தட்டு. பாடியவர் சார்லி பிரைட். பாட வருவதற்கு முன்னால் அவர் பேஸ்பால் ஆட்டக்காரர். இந்த இரண்டு விஷயமும் எனக்கு ஒரே நாளில் தெரியவந்தது. அன்றிலிருந்து எதிர்ப்படுகிறவர்களை எல்லாம் நிறுத்தி வைத்து இவரைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

நான் ஊரூர் ஒல்காட் குப்பத்துக்காரன். அடையாறு கடலில் சேரும் முகத்துவாரத்துக்கும் எலியட்ஸ் பீச்சுக்கும் நடுவில் எங்கள் ஊர். பள்ளிக்கூடக் காலத்தில் கபடியில் ரைடர். மாவட்ட அளவுவரை ஆடினேன். ஒரு மேட்ச்சில் முட்டி திரும்பியது, அதோடு ஆட்டம் முடிந்தது. அப்புறம் சவுண்ட் சர்வீஸ். பெட்டி தூக்கி, கேபிள் இழுத்து, மிக்ஸர் பக்கத்தில் உட்கார்ந்து இத்தனை வருஷம் ஓடிவிட்டது. கல்யாணம், காதுகுத்து, கோயில் கொடை, சாவு என்று எல்லா இடத்திலும் என் பெட்டி பாடியிருக்கிறது.

பெரம்பூரில் ஒரு கிறிஸ்துமஸ் டான்ஸுக்குப் பெட்டி கட்டப் போயிருந்தேன். ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்ற ஆங்கிலோ இந்தியர் ஒருவர் ஒரு பென்டிரைவைக் கொடுத்து, "ஜிம் ரீவ்ஸ்ல இருந்து ஆரம்பி மேன்" என்றார். ஜிம் ரீவ்ஸ் குரல் நமக்குப் புதிது இல்லை. சிலோன் ரேடியோ கேட்டு வளர்ந்த எத்தனையோ வீடுகளில் அந்தக் குரல் இருந்தது. நான் லெவல் பார்த்துக்கொண்டிருக்கும்போது அங்கிள் பக்கத்தில் வந்து நின்று, "இவன் பேஸ்பால் ப்ளேயர், தெரியுமா? நரம்புல அடிபட்டுத்தான் பாட வந்தான்" என்றார். என் முட்டி ஒரு தரம் விண்ணென்று தெறித்தது. உண்மைதான். ரீவ்ஸ் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணியின் கீழ்நிலைக் குழுக்களில் பந்து வீசியவர். பந்து வீசும்போதே கால் நரம்பு பாதிக்கப்பட்டு, ரேடியோ அறிவிப்பாளராகி, அங்கிருந்து பாட்டுக்கு வந்தார். அங்கிள் அதோடு விடவில்லை. "அது ஒண்ணுமில்ல. நீ சார்லி பிரைடைக் கேளு" என்று சொல்லி, அந்தப் பென்டிரைவை என்னிடமே விட்டுவிட்டுப் போனார்.

சார்லி பிரைடின் கதையைச் சொல்லாமல் பாட்டைச் சொல்ல என்னால் முடியாது. 1934இல் மிசிசிப்பி மாநிலத்தின் ஸ்லெட்ஜ் என்ற ஊரில் பிறந்தவர். குத்தகைக்குப் பருத்தி பயிரிடும் கறுப்பினக் குடும்பம், பதினொரு பிள்ளைகள். அப்பாவின் ரேடியோவில் சனிக்கிழமை ராத்திரி நாஷ்வில்லில் இருந்து 'கிராண்ட் ஓல் ஆப்ரி' நிகழ்ச்சி வரும். சுற்றிலும் ப்ளூஸ் விளைகிற மண், பையன் காதிலோ வெள்ளைக்காரர்களின் கன்ட்ரி பாட்டு. பதினான்கு வயதில் தபாலில் வரவழைத்த கிடாரில் தானே கற்றுக்கொண்டான். ஆனால் ஆசை முழுக்கப் பந்தில்தான். பருத்திக்காட்டை விட்டு வெளியே போக அவன் கண்டுபிடித்த வழி அது.

கறுப்பினத்தவருக்கென்று தனியாக நடந்த நீக்ரோ லீக்கில், மெம்பிஸ் ரெட் சாக்ஸ் அணிக்குப் பந்து வீசினார். பிறகு அவர் ஆடிய லூயிவில் அணி ஒரு தடவை இவரையும் இன்னொரு ஆட்டக்காரரையும் பர்மிங்ஹாம் அணிக்கு விற்றது. கிடைத்த பணத்தில் அணிக்கு ஒரு பழைய பஸ் வாங்கினார்கள். இரண்டு மனுஷர்களுக்கு ஒரு செகண்ட்ஹேண்ட் பஸ்! பிற்காலத்தில் பிரைட் அதைச் சிரித்துக்கொண்டே சொல்வார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

கையில் அடிபட்டு வேகம் போனபோதும் அவர் விடவில்லை. வேகம் இல்லாதவனுக்கென்றே பேஸ்பாலில் ஒரு பந்து இருக்கிறது, நக்கிள்பால் என்று பெயர். விரல் நுனியால் பிடித்து, சுழற்சியே இல்லாமல் விடுவார்கள். மெதுவாக மிதந்து வரும். சுழலாததால் காற்று அதை எந்தப் பக்கம் தள்ளும் என்று வீசினவனுக்கே தெரியாது. அடிக்க நிற்கிறவன் 'இவ்வளவுதானா?' என்று மட்டையைச் சுழற்றும்போது பந்து அங்கே இருக்காது. பிரைட் அந்தப் பந்தைப் பழகினார். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பாட்டுக்கு வரும்போது வேண்டும்.

ராணுவத்துக்குப் போய்வந்து, 1960இல் மொன்டானாவுக்குப் போனார். குளிர் பிடுங்கித் தின்கிற மலை மாநிலம். ஈஸ்ட் ஹெலினாவில் ஈயம் உருக்கும் ஆலையில் உலைக்கு முன்னால் வேலை. ஆலைக்கென்று ஒரு பேஸ்பால் அணி இருந்தது, அதில் ஆட்டம். இவர் பாடுவார் என்று தெரிந்ததும் ஆட்டம் தொடங்குமுன் கால்மணி நேரம் பாடச் சொல்லி, அதற்குத் தனியாகப் பத்து டாலர் கொடுத்தார்கள். ஆட்டத்துக்குப் பத்து, பாட்டுக்குப் பத்து! யூனிஃபார்ம் போட்டுக்கொண்டு மைக் முன்னால் பாடிவிட்டு, அப்படியே பந்தை எடுத்துக்கொண்டு மைதானத்துக்குள் நடக்கிற அந்த மனுஷரை நான் எத்தனை ராத்திரி கற்பனை செய்திருக்கிறேன் தெரியுமா? அந்த மைதானத்தில் சவுண்ட் பார்த்தவன் யாராக இருந்தாலும் கொடுத்து வைத்தவன்.

பெரிய லீக் அணிகளிடம் போய்ப் பார்த்தார். ஏஞ்சல்ஸ் அணி திருப்பி அனுப்பியது, நியூயார்க் மெட்ஸும் சேர்க்கவில்லை. அப்படித் திரும்புகிற வழியில்தான் நாஷ்வில்லில் இறங்கினார். தோற்றுப்போய் ஊர் திரும்புகிறவன் நடுவழியில் ஒரு ஊரில் இறங்கினான் பாருங்கள், அந்த ஒரு நிறுத்தம் மட்டும் இல்லாமல் போயிருந்தால்! 1965இல் ஆர்.சி.ஏ. கம்பெனி ஒப்பந்தம் போட்டது. முதல் தட்டு வானொலி நிலையங்களுக்குப் போனபோது, வழக்கமாகக் கூட அனுப்பும் போட்டோவை அனுப்பவில்லை. முகம் தெரிவதற்கு முன்னால் குரல் உள்ளே போய்விடட்டும் என்ற கணக்கு.

அந்த முதல் தட்டுதான் பாம்புப் பாட்டு. மெல் டில்லிஸும் ஃப்ரெட் பர்ச்சும் எழுதியது. மனைவி வேறொருவனோடு போவதைத் தெரிந்துகொண்ட ஒருவன், இருட்டில் காத்திருந்து கொலை செய்து, தண்டனைக்கு முன்னால் நின்று தன் வாயாலேயே கதையைச் சொல்கிறான். காதல், ஊர்ப்பாசம் என்று மெத்தென்று ஆரம்பித்திருக்கலாம். ஒரு கறுப்பினப் பாடகரின் முதல் அடியே கொலைப் பாட்டு! இன்றைக்கு 'டார்க் அமெரிக்கானா' என்கிறார்களே, கொலையும் கல்லறையும் வெள்ளமும் தூக்குமரமும் கிடாரில் ஏறி வருகிற பாட்டுவகை, அதன் ரத்தம் இதற்குள் ஓடுகிறது.

நமக்கு இது அந்நியமே இல்லை. நம்மிடம் கொலைச்சிந்து இருந்தது. எங்கேயாவது கொலை விழுந்தால் அதைப் பாட்டாகக் கட்டி, மலிவான தாளில் அச்சடித்து, சந்தையிலும் ரயிலிலும் பாடி விற்றார்கள். மெட்ராஸ் குஜிலிக் கடைத்தெருவில் இந்தப் புத்தகங்கள் குவிந்து கிடந்த கதையை ஆ. இரா. வேங்கடாசலபதியின் 'முச்சந்தி இலக்கியம்' விரிவாகச் சொல்லும். சாவு வீட்டில் விடிய விடியப் பாடும் மரண கானாவும் நம் சென்னையுடையதுதான். எத்தனை கானாக்காரர்களுக்கு நான் மைக் பிடித்துக் கொடுத்திருப்பேன்! டோலக் அடங்கி, மரணத்தை நேராகப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிற அந்தக் குரல்களைக் கேட்டு வளர்ந்த காது என்பதால்தான் சார்லி பிரைட் எனக்குள் இவ்வளவு சீக்கிரம் இறங்கினார்.

ஒன்றில்தான் வித்தியாசம். கானாக்காரர் நெஞ்சைக் கிழித்துப் பாடுவார். பிரைட் கிழிக்கவே மாட்டார். அடிவயிற்றில் இருந்து வருகிற கனத்த, வழுவழுப்பான குரல். கொலையைச் சொல்லும்போதும் அதில் ஒரு நடுக்கம் கிடையாது, ஒரு சொல்லில்கூட அழுத்தம் ஏறாது. பக்கத்து வீட்டுக்காரர் திண்ணையில் உட்கார்ந்து 'நேத்து மழை பேஞ்சுது' என்பது போலச் சொல்லிக்கொண்டே வருகிறார். நாமும் 'இவ்வளவுதானா?' என்று கேட்டுக்கொண்டே இருக்கிறோம். எங்கே வளைந்தது என்று தெரிவதற்குள் கதை முடிந்து, கை காலெல்லாம் சில்லிட்டுப் போகிறது. அதுதான் நக்கிள்பால். சுழற்சி இல்லை, வேகம் இல்லை, தப்பிக்கவும் வழி இல்லை. வேகத்தை இழந்த ஆட்டக்காரன் மைதானத்தில் கற்றுக்கொண்ட வித்தையைத்தான் அவர் தொண்டைக்குக் கொண்டுவந்தார் என்று நான் நம்புகிறேன். என் காதால் சொல்கிறேன், அது தற்செயல் இல்லை.

இதை என்னைவிடச் சுருக்கமாக எங்கள் ஆயா சொல்லிவிட்டாள். ஒருநாள் சாயங்காலம் வலை பின்னும் இடத்தில் இரண்டு டாப் பெட்டிகளை டெஸ்டுக்கு வைத்து இந்தப் பாட்டைப் போட்டேன். ஒப்பாரிக்கென்று நொச்சிக்குப்பம் வரைக்கும் கூப்பிட்டுப் போகப்பட்டவள் ஆயா. மீன் கூடையை இறக்கி வைத்துவிட்டு நின்று கேட்டாள்.

"யாரு நைனா இவன்? சாவு சேதி சொல்றானா?"

"கொலை பண்ணவன் சொல்ற மாதிரிப் பாட்டு ஆயா. இங்கிலீஷு."

"அதான். அழாம சொல்றான் பாரு. பாடறவன் அழுதுட்டான்னா கேக்கறவனுக்கு என்னாடா மிச்சம்? திரும்பப் போடு."

போட்டேன். சித்தப்பா ஃபைபர் போட்டில் இருந்து இறங்கி வந்தார். ரெண்டு பையன்கள் கேரம் போர்டை விட்டு எழுந்து வந்தார்கள். 2015 தொடக்கத்தில் டி.எம். கிருஷ்ணாவும் நித்யானந்த் ஜெயராமனும் எங்கள் ஊர்க்காரர்களும் சேர்ந்து முதல் குப்பம் விழாவை நடத்தினார்களே, கர்நாடக சங்கீதமும் பறையும் ஒரே மணலில் இறங்கியதே, அதிலிருந்து எங்கள் ஊரில் எந்த இசையையும் யாரும் 'இது யாரோடது?' என்று விரட்டுவதில்லை. அதுவும் இல்லாமல், எங்கள் ஊர்ப் பெயரிலேயே ஒரு அமெரிக்கர் இருக்கிறார். கர்னல் ஒல்காட் நியூஜெர்சியில் பிறந்தவர், அந்த நாட்டு உள்நாட்டுப் போரில் பணியாற்றியவர், லிங்கன் கொலையை விசாரித்தவர்களில் ஒருவர். 1882இல் பிரம்மஞான சபையை அடையாற்றுக்குக் கொண்டுவந்தார், 1894இல் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்கு இலவசப் பள்ளி தொடங்கினார். அந்த மனுஷர் பெயர் தாங்கிய மணலில் அவர் நாட்டுக் கொலைப்பாட்டு ஒலித்தபோது எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது.

பிரைடின் பிற்பாடு வந்த வெற்றிகளை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், அவை எங்கும் கிடைக்கும். கன்ட்ரி பட்டியலில் ஏறக்குறைய 30 முறை முதலிடம். 1971இல் கன்ட்ரி இசைச் சங்கத்தின் ஆண்டின் சிறந்த கலைஞர் விருது. 2000இல் கன்ட்ரி இசையின் புகழ்மாளிகையில் இடம். ஆனால் இதையெல்லாம்விட எனக்குப் பெரிசு 1966இல் டெட்ராய்ட்டில் நடந்தது. குரலை மட்டும் கேட்டிருந்த பெருங்கூட்டம் கைதட்டி வரவேற்கிறது, மனுஷர் மேடைக்கு வருகிறார், கைதட்டல் அப்படியே அறுந்து விழுகிறது. மேடைக்குப் பக்கத்தில் நிற்கிறவனுக்குத்தான் அந்த மௌனத்தின் கனம் தெரியும். அவர் பதறவில்லை. என் நிறம் வெயிலில் வந்த நிறம்தான், கொஞ்சம் நிரந்தரமாகத் தங்கிவிட்டது என்கிற மாதிரி லேசாக ஒன்றைச் சொல்லிவிட்டுப் பாட ஆரம்பித்தார். கூட்டம் அவர் வசம். அதுவும் சுழலாத பந்துதான்.

ஆட்டத்தை விட்டுப் பாட வந்தவர்கள் வேறு சிலரும் உண்டு. சின்சினாட்டி பெங்கால்ஸின் மைக் ரீட் அமெரிக்கக் கால்பந்தை உச்சத்தில் விட்டுவிட்டு வந்து பாட்டெழுதினார். கிரிஸ் கிரிஸ்டோஃபர்சன் ஆக்ஸ்ஃபோர்டில் குத்துச்சண்டை போட்டவர். நம் நாட்டில் ஹார்டி சந்து பஞ்சாபுக்கு வேகப்பந்து வீசியவர், முழங்கை அடிபட்டுப் பாடகரானார். பிறகு '83' படத்தில் மதன்லாலாக மறுபடி பந்து வீசினார், அதைப் பார்த்து தியேட்டரில் எழுந்து நின்று கத்தினேன். எல்லோரையும் எனக்குப் பிடிக்கும். ஆனாலும் தோற்ற ஆட்டத்தைத் தொண்டையில் இத்தனை அமைதியாக வைத்திருந்தவர் சார்லி பிரைட் ஒருவர்தான்.

2008இல் ஒன்று நடந்தது. பழைய நீக்ரோ லீக்கில் ஆடி, அந்தக் காலத்தில் வாய்ப்பு மறுக்கப்பட்டவர்களில் உயிரோடு இருந்த சிலரை, பெரிய லீக்கின் ஒவ்வொரு அணியும் மரியாதைக்காக அணிக்கு ஒருவராகத் தேர்ந்தெடுத்தது. டெக்சஸ் ரேஞ்சர்ஸ் அணி சார்லி பிரைடைக் கூப்பிட்டது. அவருக்கு 74 வயது. அவருடைய அண்ணன் மேக்கை இன்னொரு அணி எடுத்தது. பழைய பஸ்ஸுக்கு விற்கப்பட்டவர் 2010இல் அதே ரேஞ்சர்ஸ் அணியின் பங்குதாரர்களில் ஒருவரானார்.

2020 டிசம்பர் 12, கொரோனா அவரைக் கொண்டுபோனது. எங்கள் பெட்டிகள் எல்லாம் அந்த வருஷம் தார்ப்பாய் மூடிக் கிடந்தன, எனக்கு அவர் பெயரே அப்போது தெரியாது. இப்போது ஒவ்வொரு டிசம்பர் 12ஆம் தேதியும் சாயங்காலம் இரண்டு டாப், ஒரு பேஸ் பெட்டி எடுத்துப் போய் மணலில் கடலைப் பார்த்து வைக்கிறேன். பெரம்பூர் அங்கிள் போன வருஷம் ரெண்டு பஸ் மாறி வந்தார். ஆயாவுக்கு இடம் பிடித்து வைக்க வேண்டும், பெட்டிக்கு முன்னால் இல்லை, கொஞ்சம் தள்ளி, குரல் மட்டும் வருகிற இடத்தில். அவள் சொல்லித்தான் போன தடவை பேஸைக் குறைத்தேன்.